வியாழக்கிழமை மார்க் ஷீட்டும் நம் வீட்டு நடுக்கூடமும்

ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர்தான். ஒன்று நூல் மில்லும் பேண்டேஜ் துணியும் சோறு போடும் ஊர். இன்னொன்று ஆண்டாள் கோயிலும் பால்கோவாவும் பெயர் வாங்கித் தந்த ஊர். பேச்சு வழக்கிலும் பழக்கவழக்கத்திலும் சின்னச் சின்ன வித்தியாசம் உண்டு. ஆனால் ராத்திரி எட்டு மணிக்கு எந்தத் தெருவில் நடந்தாலும் ஜன்னல் வழியே வருவது ஒரே சத்தம்தான். மாமியார் பால் டம்ளரில் எதையோ கலக்குகிறார். மருமகள் ஒன்றும் அறியாமல் அதை வாங்குகிறார். பின்னணி இசை மூன்று முறை அதிர்கிறது. 'தொடரும்' என்று போடுகிறார்கள்.

"இதையெல்லாம் எதுக்குக் காட்டுறாங்க?" என்று வீட்டுக்கு வீடு ஒரு தாத்தாவோ அத்தையோ அலுத்துக்கொள்வதுண்டு. மறுநாள் அதே நேரத்துக்கு அவர்களும் வந்து உட்கார்ந்துவிடுவார்கள். சேனல்காரர்களைக் கேட்டால், "ஜனங்க பார்க்குறாங்க, அதனால காட்டுறோம்" என்பார்கள். ஜனங்களைக் கேட்டால், "அவங்க காட்டுறாங்க, அதனால பார்க்குறோம்" என்பார்கள். இந்த இரண்டு பதிலுக்கும் நடுவே ஒரு சின்னக் கருவி இருக்கிறது. நாம் எதைப் பார்க்கிறோம் என்பதை அது எண்ணிக்கொண்டிருக்கிறது. நல்லது எது, கெட்டது எது என்ற பேச்சு அதன் காதில் விழுவதில்லை.

எண்ணப்பட்ட ஊர், எண்ணப்படாத ஊர்

2015-க்கு முன்பு நம் நாட்டில் டி.ஆர்.பி. கணக்குச் சொன்னது 'டாம்' என்ற நிறுவனம். அது நீண்டகாலம் 1 லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை உள்ள நகரங்களையே முக்கியமாக அளந்துவந்தது. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ராஜபாளையத்தில் சுமார் 1 லட்சத்து 30 ஆயிரம் பேர். ஸ்ரீவில்லிபுத்தூரில் சுமார் 75 ஆயிரம் பேர். அந்த அளவுகோலின்படி ராஜபாளையம் எண்ணத்தக்க ஊர்; ஸ்ரீவில்லிபுத்தூர் அந்த அளவுக்கு எட்டாத ஊர். ஒரே வெயில், ஒரே மலை, ஒரே பேருந்து வழி. இருந்தும் ஓர் ஊரின் ரசனைக்கு விலை உண்டு, அடுத்த ஊரின் ரசனைக்கு விலை இல்லை என்ற நிலை.

2015-ல் 'பார்க்' என்று அழைக்கப்படும் ஒளிபரப்புப் பார்வையாளர் ஆய்வுக் குழு கணக்கெடுக்கத் தொடங்கியது. ஒளிபரப்பாளர்கள், விளம்பரதாரர்கள், விளம்பர ஏஜென்சிகள் மூவரும் சேர்ந்து நடத்தும் அமைப்பு அது. அதே ஆண்டு அக்டோபரிலிருந்து கிராமப்புற வீடுகளும் கணக்கில் வந்தன. சின்ன ஊர்களுக்கு இது பெரிய மாற்றம். கிராமத்து வீட்டுக்கும் ஒரு குரல் கிடைத்தது.

அந்தக் குரல் எவ்வளவு பெரியது என்பதையும் பார்க்க வேண்டும். 2020-ல் பார்க் சொன்ன கணக்குப்படி இந்தியாவில் டி.வி. உள்ள வீடுகள் 21 கோடி. அடுத்து வந்த ஆண்டுகளில் மீட்டர் வைத்த வீடுகள் 55 ஆயிரத்தைச் சற்றுத் தாண்டின. வகுத்துப் பார்த்தால், மீட்டர் உள்ள ஒரு வீடு ஏறத்தாழ 4 ஆயிரம் வீடுகளின் சார்பாகப் பேசுகிறது. ராஜபாளையத்தில் வீட்டுக்கு நான்கு பேர் என்று வைத்தால் சுமார் 32 ஆயிரம் வீடுகள். அந்தக் கணக்கில் ஊருக்கு மொத்தமே எட்டு மீட்டர்தான் வரும். நிஜத்தில் எந்த ஊரில் எந்த வீட்டில் மீட்டர் இருக்கிறது என்பது ரகசியம். அது வெளியே தெரிந்தால் கணக்கே கெட்டுவிடும்.

மீட்டருக்கு என்ன தெரியும்?

சேனல் அனுப்பும் ஒலிக்குள் மனிதக் காதுக்குக் கேட்காத ஒரு குறியீட்டைப் பொதிந்து வைத்திருப்பார்கள். டி.வி. பக்கத்தில் இருக்கும் மீட்டர் அதைப் பிடித்து, 'இந்த நிமிடம் இந்தச் சேனல்' என்று குறித்துக்கொள்ளும். வீட்டில் உள்ள ஒவ்வொருவருக்கும் மீட்டரின் ரிமோட்டில் ஒரு பொத்தான். உட்காரும்போது அமுக்க வேண்டும், எழுந்து போகும்போதும் அமுக்க வேண்டும். வயது, ஆணா பெண்ணா, எத்தனை நிமிடம் என்ற விவரம் எல்லாம் இப்படித்தான் போய்ச் சேருகிறது.

சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும் வாரத்தின் கணக்கு அடுத்து வரும் வியாழக்கிழமை வெளியாகும். டி.வி. உலகில் வியாழக்கிழமை என்பது பள்ளிக்கூடத்தில் மார்க் ஷீட் தரும் நாள் மாதிரி. நல்ல மார்க் வந்தால் அந்த நேரத்து விளம்பரத்துக்கு விலை கூடும். குறைந்தால் அன்று மாலையே கதை பேச உட்கார்ந்துவிடுவார்கள். கேபிள் விதிகளின்படி ஒரு மணி நேரத்தில் விளம்பரத்துக்கு 12 நிமிடம்தான். அதிலும் 2 நிமிடம் சேனலின் சொந்த அறிவிப்புகளுக்கு. ஆக, நிமிடத்தைக் கூட்டிக் காசு பார்க்க விதி இடம் தராது. நிமிடத்தின் விலையைக் கூட்டியாக வேண்டும். அதற்கு ஒரே வழி ரேட்டிங்.

கதாநாயகியின் கழுத்தில் தாலி ஏறுமா ஏறாதா என்று ஒரு வாரம் முழுக்க இழுப்பது ஏன், இரண்டு சீரியல் குடும்பங்கள் ஒரே கல்யாண மண்டபத்தில் சந்திக்கும் 'மகா சங்கமம்' வருவது ஏன், ஓர் அறை விழுந்தால் அதை ஐந்து முகங்களின் மேல் திருப்பித் திருப்பிக் காட்டுவது ஏன் என்பதற்கெல்லாம் பதில் இதுதான். மார்க் குறைந்துகொண்டே போனால் சீரியல் மதியத்துக்கோ ராத்திரி பத்து மணிக்கோ தள்ளப்படும். அதற்கும் தேறாவிட்டால் அவசரமாக ஒரு சுபம்.

மீட்டருக்குத் தெரியாதது ஒன்று உண்டு. பார்த்தவர் ரசித்துப் பார்த்தாரா, திட்டிக்கொண்டே பார்த்தாரா என்பது அதற்குத் தெரியாது. டி.வி.யை ஓட விட்டுவிட்டு அடுக்களையில் வெங்காயம் நறுக்கியவரும், கண் கொட்டாமல் பார்த்தவரும் அதற்கு ஒன்றுதான். பொத்தான் அமுங்கியிருந்தால் போதும்.

விதிப் புத்தகத்தில் என்ன இருக்கிறது?

ஒழுக்கத்துக்கு விதியே இல்லை என்று சொல்ல முடியாது. 1994-ம் ஆண்டு கேபிள் டி.வி. விதிகளில் நிகழ்ச்சி நெறிமுறை என்று ஒரு பகுதி இருக்கிறது. நல்ல ரசனைக்கும் கண்ணியத்துக்கும் எதிரானது கூடாது. மூடநம்பிக்கையை வளர்ப்பது கூடாது. பெண்களை இழிவுபடுத்துவது கூடாது. குழந்தைகள் அதிகம் பார்க்கும் நேரத்தில் அவர்களுக்கு ஒவ்வாதது கூடாது. படிக்கும்போது தலையாட்டத் தோன்றும்.

நடைமுறையில் என்ன நடக்கிறது? கண்ணுக்குச் சட்டென்று தெரிவதை மட்டும் விதி பிடிக்கிறது. சினிமாவில் ஒருவர் சிகரெட் பற்றவைத்தால் கீழே எச்சரிக்கை வரி ஓடும். கெட்ட வார்த்தை வந்தால் 'பீப்'. 'ஏ' சான்றிதழ் பெற்ற படத்தை அப்படியே போட முடியாது. வெட்டி, மறுபடி சான்றிதழ் வாங்க வேண்டும். ஆனால் பாலில் விஷம் கலக்கும் மாமியாருக்குக் கீழே எந்த வரியும் ஓடுவதில்லை. "நீ பொறுத்துப் போனாத்தான் குடும்பம் நிலைக்கும்" என்று அடி வாங்கிய மகளுக்கு அம்மா சொல்லும் காட்சிக்கு 'பீப்' கிடையாது. மந்திரவாதி வந்து எலுமிச்சம்பழம் உருட்டும் சீரியலுக்கும் மார்க் நன்றாகவே விழுகிறது.

ரேட்டிங்கும் ஒழுக்கமும் எதிரெதிர் என்றே பலரும் நினைக்கிறார்கள். சீரியலைக் கூர்ந்து பார்த்தால் இரண்டும் கைகோத்துப் போவது தெரியும். கதாநாயகி நல்லவளாக இருந்தே ஆக வேண்டும்; அப்போதுதான் வீட்டில் உள்ள எல்லோரும் சேர்ந்து பார்க்க முடியும். அவள் கஷ்டப்பட்டே ஆக வேண்டும். அப்போதுதான் நாளைக்கும் வருவார்கள். அவள் கஷ்டத்தை விட்டு வெளியேறிவிட்டால் கதை முடிந்துவிடும். ஆக, 'பொறுமையே பெண்ணுக்கு அழகு' என்பது சேனலுக்கு நீதியும்தான், வியாபாரமும்தான்.

பதின்மூன்று வாரமும் ஆயிரத்தைந்நூறு எபிசோடும்

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15-ல் தொடங்கியது. தூர்தர்ஷன் ஒன்றுதான் சேனல் என்றிருந்த காலத்தில் பதின்மூன்று வாரத்தில் ஒரு தொடர் முடிந்துவிடும். போட்டியே இல்லாததால் ரேட்டிங்கைத் துரத்த வேண்டிய அவசியம் இல்லை. எது நல்லது என்று மேலே உட்கார்ந்திருந்தவர்கள் முடிவு செய்தார்கள். அதில் நல்லதும் வந்தது, கொட்டாவி விட வைத்ததும் வந்தது. பிடிக்காவிட்டால் சேனல் மாற்ற முடியாது. எழுந்து வாசலுக்குப் போய்விடலாம்.

1993 ஏப்ரல் 14-ல் சன் டி.வி. வந்தது. 1999-ல் ராதிகாவின் 'சித்தி' தொடங்கியபோது நெடுந்தொடர் என்பது தமிழ் வீடுகளின் தினசரிப் பழக்கமானது. 2003 முதல் 2009 வரை ஓடிய 'கோலங்கள்' 1,500 எபிசோடுகளைத் தாண்டியது. தேவயானி நடித்த அபி, புருஷனைப் பிரிந்து சொந்தக் காலில் நின்ற பெண். அதையும் இதே ஜனங்கள்தான் ஆறு வருஷம் பார்த்தார்கள். அழும் பெண்ணை மட்டுமே பார்ப்பார்கள் என்பது சரியான கணக்கு இல்லை என்பதற்கு அதுவே சாட்சி.

2006-ல் தமிழக அரசு இலவச கலர் டி.வி. கொடுக்கத் தொடங்கியபோது, அதுவரை அடுத்த வீட்டுத் திண்ணையில் நின்று எட்டிப் பார்த்தவர்களின் வீட்டுக்கும் பெட்டி வந்தது. மில் ஷிப்ட் முடிந்து வருபவர், தறி ஓட்டுபவர், பீஸ் ரேட்டுக்குத் தைப்பவர் எல்லோரும் பார்வையாளர் ஆனார்கள். அவர்கள் வாங்கும் சோப்பு, ஷாம்பு, மசாலாப் பொடியை நம்பித்தான் இன்றைய சீரியல் ஓடுகிறது.

'கோலங்கள்' எடுத்த திருச்செல்வமே 2022-ல் 'எதிர்நீச்சல்' எடுத்தார். படித்த பெண்களை வீட்டுக்குள் அடைத்து வைத்து அதிகாரம் செய்யும் ஆண்களைக் கேள்வி கேட்கும் கதை. அடக்கி ஆளும் ஆதி குணசேகரனாக நடித்தவர் மாரிமுத்து. கேள்வி கேட்ட பெண்களுக்கும் கைதட்டல் கிடைத்தது. ஆனால் அந்த அதட்டலும் மிடுக்கும் அதைவிடப் பெரிதாகப் பரவின. அவர் வசனம் மீம் ஆனது. 2023 செப்டம்பர் 8-ல் அவர் காலமானபோது வீட்டில் ஒருவரை இழந்த மாதிரி ஜனங்கள் வருந்தினார்கள். ஒரு நல்ல நடிகருக்குக் கிடைத்த மரியாதை அது. கூடவே, மீட்டருக்குத் தெரியாத ஒரு விஷயமும் அதில் இருக்கிறது: குணசேகரனை வெறுத்துப் பார்த்த மருமகளும், 'வீட்டு ஆம்பளைன்னா இப்படித்தான் இருக்கணும்' என்று பார்த்த மாமனாரும் ஒரே சோபாவில் உட்கார்ந்து ஒரே மார்க்கைத்தான் போட்டார்கள்.

ராஜபாளையத்தில் ஒரு பேச்சு, ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு வலி

சீரியலில் நடப்பது செய்திச் சேனலிலும் நடக்கும். இந்த இரண்டு ஊர்களும் அதை நேரில் கண்டன. 2018 ஜனவரி 7-ல் ராஜபாளையத்தில் தினமணி நாளிதழ் நடத்திய விழாவில் கவிஞர் வைரமுத்து ஆண்டாளைப் பற்றி நீண்ட கட்டுரை ஒன்றை வாசித்தார். மறுநாள் அது நாளிதழிலும் வந்தது. அதில் ஓர் ஆய்வுக் கட்டுரையிலிருந்து எடுத்துக் காட்டிய ஒரு மேற்கோள் பக்தர்களைப் புண்படுத்தியது. போராட்டங்கள் நடந்தன. ஸ்ரீவில்லிபுத்தூர் ஜீயர் உண்ணாவிரதம் இருந்தார். கவிஞர் வருத்தம் தெரிவித்தார். நாளிதழின் ஆசிரியர் ஸ்ரீவில்லிபுத்தூருக்கே வந்து ஆண்டாள் சந்நிதியில் மன்னிப்புக் கேட்டார்.

யார் பக்கம் நியாயம் என்பதை அவரவர் தீர்மானித்துக்கொள்ளட்டும். டி.வி. என்ன செய்தது என்பதே இங்கே பேச்சு. நீண்ட உரையில் ஒரு வாக்கியம் மட்டும் ராத்திரிக்கு ராத்திரி விவாத மேடைக்கு வந்தது. புண்பட்டோம் என்றவர்களின் வலியை ஆற்றவோ, முழு உரையையும் நிதானமாகப் படித்துப் பார்க்கவோ அந்த மேடையில் நேரம் இல்லை. நான்கு பேர் ஒரே சமயத்தில் பேசினால்தான் ரிமோட் அங்கே நிற்கும். எந்த வாக்கியம் புண்படுத்தியதோ அதே வாக்கியம், கண்டிக்கிறோம் என்ற பெயரிலேயே, மறுபடி மறுபடி வீடுகளுக்குள் போனது. ஒழுக்கத்தைக் காப்பாற்றும் பேச்சு, ரேட்டிங்குக்குத் தீனியாகவும் ஆகிவிட்டது.

ஆண்டாளின் ஊருக்கு இதில் சொல்ல வேறொன்றும் உண்டு. திருப்பாவை 30 பாடல். நாச்சியார் திருமொழி 143 பாடல். பின்னதில் ஒரு பெண்ணின் ஏக்கமும் தாபமும் ஒளிவுமறைவு இல்லாமல் பேசப்படுகின்றன. அதை இந்த மண் பல நூற்றாண்டுகளாகக் கோயிலில் வைத்துப் போற்றிவருகிறது. ஆக, நம்மூர் ஒழுக்கம் என்பது பெண்ணின் ஆசையைக் கண்டு பயந்து 'பீப்' போட்ட ஒழுக்கம் அல்ல. எதை, எந்த இடத்தில், என்ன மரியாதையோடு பேசுவது என்று தெரிந்துவைத்திருந்த ஒழுக்கம். டி.வி. தொலைத்தது அந்த மரியாதையைத்தான். மார்கழியில் திருப்பாவை விளக்கம் சொல்வதற்கு அதே சேனல்கள் ஒதுக்கும் நேரம் அதிகாலை. விளம்பர விலை குறைவான நேரம்.

கண்ணீருக்கு விலை வைத்தபோது

ஜீ தமிழின் 'சொல்வதெல்லாம் உண்மை' நிகழ்ச்சியை எளிதில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். புருஷன் பெண்டாட்டிச் சண்டை, ஓடிப்போன மகள், ஒளித்து வைத்த இரண்டாம் குடும்பம் என்று நிஜ மனிதர்கள் கேமரா முன் வந்து அழுதார்கள். நாலு பேருக்குப் புத்தி சொல்கிறோம் என்பது நிகழ்ச்சியின் நியாயம். பஞ்சாயத்துக்குப் போக வழியில்லாத சிலருக்கு அது உதவியிருக்கலாம். ஆனால் வந்தவர்களில் பெரும்பாலோர் ஏழைகள். அடுத்த நாள் அவர்கள் தெருவில் தலைநிமிர்ந்து நடக்க முடிந்ததா, அந்தப் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் என்ன கேட்டுக்கொண்டார்கள் என்பதற்கு ரேட்டிங்கில் இடம் இல்லை. 2018 ஜூனில், பொதுநல மனு ஒன்றின் மேல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அந்த நிகழ்ச்சிக்கு இடைக்காலத் தடை விதித்தது. விருதுநகர் மாவட்டத்து வழக்குகளும் போய்ச் சேரும் அதே மதுரைக் கிளைதான்.

இதற்கு நேர்மாறான கதையும் உண்டு. 2017-ல் 'பிக் பாஸ்' தமிழுக்கு வந்தபோது, தமிழ்ப் பண்பாட்டைக் கெடுக்கிறது என்று சென்னை போலீஸ் கமிஷனரிடம் புகார் போனது. கமல்ஹாசன் பதில் சொன்னார். புகாரைப் பற்றிய செய்தியே நிகழ்ச்சிக்கு இலவச விளம்பரம் ஆனது. ஆண்டு தவறாமல் அது தொடர்ந்தது. கூச்சல் போட்டுக் கண்டித்தால் ரேட்டிங் ஏறுவதற்கும் வாய்ப்பு உண்டு.

கணக்கும் எப்போதும் சுத்தமாக இருந்துவிடவில்லை. மீட்டர் உள்ள வீடுகளுக்குக் காசு கொடுத்துச் சில சேனல்களை ஓட விடச் சொன்னார்கள் என்று 2020 அக்டோபரில் மும்பை போலீஸ் குற்றம் சாட்டியது. அதைத் தொடர்ந்து செய்திச் சேனல்களின் ரேட்டிங் வெளியீட்டையே பார்க் நிறுத்திவைத்தது; 2022 மார்ச்சில்தான் மறுபடி தொடங்கியது. ஒரு வீடு 4 ஆயிரம் வீட்டுக்குச் சமம் என்றால், அந்த ஒரு வீட்டை விலை பேசுவது 4 ஆயிரம் வீட்டை விலை பேசுவதற்குச் சமம்.

ரிமோட் மட்டும் போதாது

"பிடிக்கலேன்னா மாத்திக்கோங்க" என்பார்கள். மாற்றலாம், மனசுக்கு நல்லது. ஆனால் மீட்டர் இல்லாத வீட்டில் சேனலை மாற்றினாலும் அணைத்தாலும் வியாழக்கிழமை மார்க்கில் ஒரு புள்ளிகூட மாறாது. எண்ணப்படாத வீட்டுக்கும் ஒரு வழி இருக்கிறது. அதைப் பயன்படுத்துவோர் குறைவு.

2021-ல் திருத்தப்பட்ட கேபிள் விதிகளின்படி எந்தப் பார்வையாளரும் சேனலுக்கு எழுத்தில் புகார் அனுப்பலாம். புகார் கிடைத்தது என்று 24 மணி நேரத்துக்குள் சேனல் ஒப்புகை தர வேண்டும். 15 நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். திருப்தி இல்லையென்றால் அடுத்த 15 நாளுக்குள் சேனல்களின் சுய ஒழுங்குமுறை அமைப்புக்கு மேல்முறையீடு செய்யலாம். பொழுதுபோக்குச் சேனல்களுக்கு அப்படி ஓர் அமைப்பு 2011 முதல் இயங்குகிறது. ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் இருக்கும் ஒளிபரப்பு உள்ளடக்கப் புகார் கவுன்சில் அது. சீரியல் ஓடும்போது திரையின் அடியில் புகார் முகவரியோடு ஒரு வரி ஓடுமே, அது இதற்காகத்தான். அங்கும் தீராவிட்டால் மத்திய அரசிடம் போகலாம்.

புகார் எழுதும்போது 'உங்கள் சேனல் சமுதாயத்தைக் கெடுக்கிறது' என்று பொதுவாக எழுதினால் பலன் இருக்காது. தேதி, நேரம், நிகழ்ச்சியின் பெயர், எந்தக் காட்சி, அதில் என்ன தவறு என்று குறிப்பாக எழுத வேண்டும். பிடிக்காத கருத்தும் தவறான காட்சியும் வேறு வேறு என்பதும் நினைவில் இருக்க வேண்டும். தனக்குப் பிடிக்காததை எல்லாம் தடை செய்யச் சொன்னால், 'கோலங்கள்' அபியும்கூட வீட்டை விட்டு வெளியே வந்திருக்க முடியாது.

பாராட்டும் எழுதலாம். நல்ல கதை மார்க் குறைந்து சாகும் நேரத்தில், 'இதை நாங்கள் குடும்பத்தோடு பார்க்கிறோம்' என்று நூறு கடிதம் போனால் சேனலில் ஒருவராவது யோசிப்பார். மீட்டர் சொல்லாததை அந்தக் கடிதம் சொல்லும்: பார்த்தோம், பிடித்தது, இந்தக் காரணத்துக்காகப் பிடித்தது.

புகாரும் பாராட்டும் போய்ச் சேரும்வரை வீட்டுக்குள் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. விளம்பர இடைவேளையில் பேசுவதற்கு நிறைய நேரம் உண்டு. மகளை அடித்த மருமகனிடமே திருப்பி அனுப்பும் அம்மாவைப் பார்த்துக்கொண்டிருக்கும் பத்து வயதுப் பேத்தியிடம், "அவ ஏன்டா திரும்பிப் போகணும்? நம்ம வீடா இருந்தா நாம அனுப்ப மாட்டோம்" என்று ஒரு பாட்டி சொல்லிவிட்டால் போதும். அதை எந்த மீட்டரும் குறிக்காது. பேத்தி குறித்துக்கொள்வாள்.